அந்தப் பன்னிரண்டு புள்ளியை எடுத்தது யார்?



நீளமான பதிவு. தேத்தண்ணியை ஊற்றி வைத்துக்கொண்டு வாசியுங்கள். பாதியில் கோபம் வந்தால் கீழே எழுதுங்கள், பதில் சொல்கிறோம். ஆனால் முழுவதையும் வாசித்துவிட்டு எழுதுங்கள்.

போன சனிக்கிழமை நடந்த பாடசாலை ரகர் மெச் பற்றித்தான். எந்தப் பாடசாலை, எந்தப் பிள்ளை என்று இங்கே எழுத மாட்டோம். பேராதனையிலிருந்து கெலிஓயா வரைக்கும் அது தெரியாத வீடு இல்லை. அந்தப் பிள்ளையின் பெயர் ஒரு கிழமையாக எத்தனை வட்ஸ்அப் குழுவில் உருண்டிருக்கிறது என்பதும் உங்களுக்குத் தெரியும்.

நடந்ததைத் திரும்பவும் சொல்கிறோம், ஏனென்றால் பாதிப் பேர் கடைசி நாற்பது விநாடி வீடியோவை மட்டும்தான் பார்த்திருக்கிறார்கள். எதிரணி 18. எங்கள் பிள்ளையின் அணி 12. நேரம் முடியப் போகும்போது வலது பக்க மூலையில் ஒரு ட்ரை. 17 ஆனது. கன்வர்ஷன் போனால் 19, வெற்றி. மழை பெய்து ஓய்ந்த மைதானம். அவன் பந்தை வைத்தான், பின்னால் நடந்தான், அடித்தான். பந்து கிட்டக் கம்பத்துக்கு வெளியால் போனது. விசில். 18க்கு 17.

அதன் பிறகு வந்ததைத்தான் நாங்கள் மறக்கப் போவதில்லை. "இவனுக்கு என்னத்துக்கு அடிக்கக் குடுத்த?" "காலுல சீலை சுத்தியா இருந்த?" "ஊர்ட பேரையே கெடுத்துட்டான்." அவன் முழங்காலில் உட்கார்ந்திருக்கும் படத்தை வெட்டி மீம் போட்டது வெளியூர்க்காரர் இல்லை, நம் ஆட்கள். அதற்குச் சிரிக்கும் ஸ்டிக்கர் போட்டவர்களை எண்ணினோம். முப்பத்தொரு பேர். அதில் பிள்ளைகள் ஆறு பேர். மற்றவர்கள் எல்லோரும் வாப்பாமார், சாச்சாமார், மாமாமார்.

இப்போது கணக்குக்கு வருவோம். நாங்கள் தரம் 10க்குக் கணிதம் படிப்பிக்கிறவர்கள், அந்தப் பழக்கத்தை மன்னித்துக்கொள்ளுங்கள்.

அணி எடுத்த 17 புள்ளியில் கடைசி ட்ரைக்கு 5. மீதி 12 எங்கிருந்து வந்தது? நான்கு பெனல்டி, ஒவ்வொன்றும் 3. நான்கையும் அடித்தது யார்? அதே பிள்ளை. அவன் அன்றைக்குக் காய்ச்சல் என்று வீட்டில் படுத்திருந்தால் அந்த மெச் 18க்கு 5 என்றுதான் முடிந்திருக்கும், ஒருவரும் கிக்கரைப் பற்றி ஒரு வரி எழுதியிருக்க மாட்டார்கள். 12 புள்ளி எடுத்துக் கொடுத்து அணியைக் கடைசி நிமிடம் வரைக்கும் உயிரோடு வைத்திருந்ததுதான் அவன் செய்த குற்றம்.

எதிரணியின் 18 எப்படி வந்தது என்று யாராவது கேட்டீர்களா? இரண்டு ட்ரை, ஒரு கன்வர்ஷன், இரண்டு பெனல்டி. அந்த இரண்டு பெனல்டியும் எங்கள் பக்கத்துப் பிழைக்காகக் கொடுக்கப்பட்டவை. ஒன்று கழுத்துக்கு மேலே பிடித்த டெக்கல். அந்த 6 புள்ளியைக் கொடுத்தவர்களுக்கு மீம் இல்லை. இரண்டாம் பாதியில் ட்ரை கோட்டுக்கு ஐந்து மீற்றர் தூரத்தில் பந்தைக் கீழே போட்டவருக்கும் மீம் இல்லை. இருக்கவும் கூடாது. அவர்களும் பிள்ளைகள்தான். எங்கள் கேள்வி, எழுபது பிழையில் ஒரு பிழைக்கு மட்டும் ஏன் பெயர் ஒட்டுகிறோம் என்பதுதான். அது கடைசியாக நடந்தது என்பதைத் தவிர வேறு காரணம் இல்லை.

"சும்மா ஒரு கிக் தானே" என்று வொய்ஸ் கட் போட்ட நானாவுக்கும் ஒரு கணக்கு. ரகரில் இரண்டு கம்பத்துக்கும் இடையில் 5.6 மீற்றர். நேருக்கு நேர் நின்றால் அவ்வளவும் தெரியும். ஆனால் கன்வர்ஷனை விரும்பிய இடத்தில் வைத்து அடிக்க முடியாது. ட்ரை எந்த இடத்தில் விழுந்ததோ அதற்கு நேரே பின்னால் வந்துதான் அடிக்க வேண்டும். மூலையில் ட்ரை விழுந்தால் மூலையிலிருந்துதான் கிக். நடுவிலிருந்து 30 மீற்றர் பக்கவாட்டில், கோட்டிலிருந்து 25 மீற்றர் பின்னால் என்று வைத்துக்கொள்ளுங்கள். பைதகரஸ் போட்டுப் பார்த்தால் தூரம் 39 மீற்றர். அந்தச் சரிவில் 5.6 மீற்றர் இடைவெளி 3.6 மீற்றராகச் சுருங்கித்தான் கண்ணுக்குத் தெரியும். நம் வீட்டு முன் அறையின் சுவர் அளவு. நனைந்த பந்து, நனைந்த புல், ஒரு நிமிட நேரக் கட்டுப்பாடு, பின்னால் நின்று கூச்சல் போடும் ஆயிரம் பேர். சும்மா ஒரு கிக்.

அந்த மகனுக்கு உதைப்பதைச் சொல்லிக் கொடுத்தது யார் என்று தேடினோம். தனியாக ஒரு கிக்கிங் பயிற்றுவிப்பாளர் அவனுக்கு இருந்ததில்லை. அவனுடைய போனில் வீடியோக்கள்தான். பாதி தென்னாபிரிக்க ரகர், பாதி அமெரிக்கக் ஃபுட்போல். கையால் விளையாடிக்கொண்டு அதற்குக் ஃபுட்போல் என்று பெயர் வைத்திருக்கிறார்களே, அது. ஏன் மகன் அதைப் பார்க்கிறாய் என்று ஒருமுறை கேட்டோம். "சேர், அங்க உதைக்கிறதுக்கு மட்டுமே ஒரு ஆள் இருக்கார்" என்றான்.

உண்மைதான். அவர்களின் தொழில்முறை அணிகளில் ஃபீல்ட் கோல் அடிப்பதற்கென்றே ஒருவர் இருப்பார். மற்றவர்கள் முட்டி மோதும்போது அவர் ஓரத்தில் வலைக்குள் உதைத்துப் பழகிக்கொண்டிருப்பார். கம்பங்களின் இடைவெளி ஏறக்குறைய ரகர் கம்பம்போலவேதான், புள்ளியும் அதே 3. கடைசி விநாடிகளில் ஒன்று இரண்டு புள்ளி குறைவாக இருக்கும்போது அவரைத்தான் உள்ளே அனுப்புவார்கள். அதன் பிறகு ஒன்றில் வீரன், இல்லாவிட்டால் காலம் முழுக்கப் பழி.

அவன் காட்டிய பெயர்களைப் பின்னர் நாங்களும் தேடிப் படித்தோம். படிக்கப் படிக்க, நம் ஊர்க் குழுவைப் பற்றிப் படிப்பது போலவே இருந்தது.

1991 ஜனவரி 27, சுப்பர் போல் இறுதிப் போட்டி. நியூயோர்க் ஜயன்ட்ஸ் 20, பஃபலோ பில்ஸ் 19. எட்டு விநாடிதான் மிச்சம். பஃபலோவின் கிக்கர் ஸ்கொட் நோர்வூட் 47 யார், அதாவது 43 மீற்றர் தூரத்திலிருந்து அடித்தார். பந்து வலது பக்கமாக வெளியே போனது. முப்பது வருடம் கடந்தும் அந்த மெச்சை அந்த ஒரு கிக்கின் பெயரால்தான் சொல்கிறார்கள். ஆனால் அன்றைக்கு 60 நிமிட ஆட்டத்தில் 40 நிமிடத்துக்கு மேல் பந்தை வைத்திருந்தது ஜயன்ட்ஸ். பஃபலோவின் தடுப்பு அணி அவ்வளவு நேரமும் பந்தைப் பறிக்க முடியாமல் திணறியது. அந்த 40 நிமிடத்துக்கு யார் பொறுப்பு? அதை ஒரு ஆளின் தலையில் கட்ட முடியாது, அதனால் யாரும் பேசுவதில்லை.

இதே விளையாட்டில், பதினொரு வருடம் கழித்து, 2002 பெப்ரவரி 3. அதே இறுதிப் போட்டி, வேறு அணிகள். நியூ இங்கிலாந்து பேட்ரியட்ஸ் கிக்கர் அடம் வினட்டியேரி கடைசி விநாடியில் 48 யார் தூரத்திலிருந்து அடித்தார். உள்ளே போனது. 20க்கு 17. அவரை உலகமே கொண்டாடியது. 47 யாருக்கும் 48 யாருக்கும் இடையில் எவ்வளவு? ஒரு மீற்றருக்கும் குறைவு. அதிலும் வினட்டியேரியின் அணி அப்போது சமநிலையில் இருந்தது. தவறியிருந்தாலும் மேலதிக நேரம் இருந்தது. நோர்வூட்டுக்கு அதுவும் இல்லை.

நோர்வூட் கதையில் எங்களுக்குப் பிடித்தது தோல்விக்கு மறுநாள் நடந்தது. அணி ஊருக்குத் திரும்பியபோது நகரச் சதுக்கத்தில் ஆயிரக்கணக்கானோர் கூடினார்கள். யாரைக் கூப்பிட்டார்கள் தெரியுமா? அந்தக் கிக்கரைத்தான். அவருடைய பெயரைச் சொல்லிச் சொல்லி மேடைக்கு வரவழைத்தார்கள். அடுத்த வருடம் ஜனவரியில் அதே அணி மறுபடி இறுதிப் போட்டிக்குப் போக வேண்டிய ஆட்டம். 10க்கு 7 என்று வென்றார்கள். வித்தியாசம் 3 புள்ளி. நோர்வூட் அடித்த 44 யார் ஃபீல்ட் கோல் ஒன்று. அவரை விரட்டியிருந்தால் அந்த மூன்றை யார் எடுத்திருப்பார்?

விரட்டிய கதையும் இருக்கிறது. 2019 ஜனவரியில் சிகாகோ பெயார்ஸ் அணியின் கோடி பார்க்கி கடைசி விநாடிகளில் அடித்த பந்து பக்கக் கம்பத்தில் பட்டு, குறுக்குக் கம்பத்திலும் பட்டு வெளியே விழுந்தது. 16க்கு 15 தோல்வி. சொந்த மைதானத்திலேயே சொந்த ரசிகர்கள் ஊளையிட்டார்கள். மறுநாள் வீடியோவை மெதுவாக ஓட்டிப் பார்த்தால், எதிரணி வீரர் ஒருவரின் விரல் அந்தப் பந்தில் பட்டிருக்கிறது. உத்தியோகபூர்வப் பதிவையே "தடுக்கப்பட்ட கிக்" என்று மாற்றினார்கள். ஊளையிட்டவர்கள் அதைத் திருப்பி எடுத்துக்கொள்ள முடியுமா? சில வாரங்களில் பார்க்கியை அணியிலிருந்து விடுவித்தும் விட்டார்கள்.

"அழுத்தம் வந்தால் தாங்குகிறவன்தானே கிக்கர், தாங்க முடியாதவன் ஏன் போனான்?" இது ஒரு ஆசிரிய நண்பர் எங்களிடம் நேரில் கேட்டது. அவருக்கு மினசோட்டாவின் கெரி அண்டர்சனைச் சொன்னோம். 1998 பருவத்தில் 35 முறை ஃபீல்ட் கோல் முயன்றார், 35ம் உள்ளே. ஒன்றுகூடத் தவறவில்லை. 1999 ஜனவரியில் இறுதிப் போட்டிக்கு முந்திய ஆட்டத்தில் முதல் தடவையாகத் தவறினார், அணி 30க்கு 27 என்று தோற்றது. வருடம் முழுக்க இரும்பாக இருந்த மனிதன் அந்த ஒரு நிமிடத்தில் திடீரென்று கோழையாகிவிட்டானா? இன்னொன்று. அந்தத் தவறுக்குப் பிறகும் ஆட்டம் சமநிலையில் இருந்தபோது அரை நிமிடம் மிச்சம் இருந்தது. அதுவரை ஒரு பருவத்தில் எந்த அணியும் எடுக்காத அளவு புள்ளி குவித்த அணி அது. ஆனால் முயற்சி செய்யாமல் முழங்காலிட்டு நேரத்தை ஓட விட்டார்கள். அது பயிற்றுவிப்பாளரின் முடிவு. பெயர் கெட்டது மட்டும் அண்டர்சனுக்கு.

அழுத்தத்தைத் தாங்குவது ஒரு திறமை இல்லை என்று நாங்கள் சொல்லவில்லை. அது இருக்கிறது, பழகவும் முடியும். ஆனால் பழக்கிவிட்டுக் கேளுங்கள். சம்பளம் வாங்கும் பெரிய மனிதர்களுக்கே பயிற்றுவிப்பாளர், வைத்தியர், உளவியலாளர் எல்லாம் இருக்கிறார்கள். பதினேழு வயதுப் பிள்ளைக்கு இருந்தது ஒரு போனும், தைத்துத் தைத்துப் போட்ட ஒரு சோடி பூட்ஸும்.

2023 உலகக் கிண்ண ரகரை நம்மில் நிறையப் பேர் விடிய விடியப் பார்த்தோம். தென்னாபிரிக்காவின் ஹன்ட்ரே பொலார்ட் முதலில் அறிவித்த அணியில் இல்லவே இல்லை. காயப்பட்ட ஒருவருக்குப் பதிலாகப் பாதியில் வந்தவர். அரையிறுதியில் இங்கிலாந்துக்கு எதிராகக் கடைசி நிமிடங்களில் ஏறக்குறைய 50 மீற்றரிலிருந்து ஒரு பெனல்டி, 16க்கு 15. ஒக்டோபர் 28 இறுதிப் போட்டியில் நியூஸிலாந்துக்கு எதிராக 12க்கு 11. அந்த 12ம் பொலார்டின் காலிலிருந்து வந்தவை. நான்கு பெனல்டி.

நான்கு பெனல்டி, 12 புள்ளி. எங்கேயோ கேட்ட கணக்குப் போல இல்லையா?

அதே இறுதிப் போட்டியில் நியூஸிலாந்து ட்ரை போட்டது. ரிச்சி மோஉங்காவின் கன்வர்ஷன் தவறியது. பிறகு ஜோர்டி பரெட்டின் நீண்ட பெனல்டி தவறியது. இரண்டில் ஒன்று போயிருந்தால் கிண்ணம் கை மாறியிருக்கும். உலகின் மிகச் சிறந்த கிக்கர்களில் இரண்டு பேர், அதே இரவில், அதே மைதானத்தில். நம் பிள்ளை தவறவிட்டது அந்த வகைக் கிக்தான்.

இனி, கொஞ்சம் கசப்பான இடம்.

மெச் வீடியோவுக்குக் கீழே சிங்களத்தில் ஒருவர் அந்தப் பிள்ளையின் மார்க்கத்தை இழுத்து எழுதியிருந்தார். அதை ஸ்கிரீன்ஷொட் எடுத்து ஊர்க் குழுவில் "பாருங்கள் இனவாதத்தை" என்று போட்டார் ஒருவர். நியாயமான கோபம். 2018ல் திகன பற்றி எரிந்ததைப் பார்த்தவர்களுக்கு இப்படி ஒரு வரி சாதாரண வரி இல்லை. ஆனால் அந்த ஸ்கிரீன்ஷொட்டைப் போட்ட அதே நபர், அதற்கு இரண்டு மணி நேரத்துக்கு முன்னால் முழங்காலில் இருந்த பிள்ளையின் மீமையும் போட்டிருந்தார். இரண்டும் இன்னும் குழுவில் இருக்கின்றன, மேலே தள்ளிப் பாருங்கள்.

2021 ஜூலை 11 அன்று யூரோ இறுதிப் போட்டியில் இங்கிலாந்துக்காகப் பெனல்டி தவறவிட்ட ரஷ்போர்ட், சன்சோ, சாகா மூவரையும் தோல் நிறத்தைச் சொல்லித் திட்டினார்கள். சாகாவுக்கு வயது 19. அன்றைக்கு நாமெல்லாம் அவர்களுக்காக முகநூலில் உருகினோம். மென்செஸ்டரில் ரஷ்போர்டின் சுவர் ஓவியத்தில் கிறுக்கிய இடத்தில் ஊர்ப் பிள்ளைகள் வந்து கடதாசியில் இதயம் வெட்டி ஒட்டினார்கள், அந்தப் படத்தை நம்மில் எத்தனை பேர் பகிர்ந்தோம்! மூன்று வருடத்தில் அதே சாகா யூரோ காலிறுதியில் சுவிட்ஸர்லாந்துக்கு எதிராக மறுபடி பெனல்டி அடிக்கப் போனார், அடித்தார். மென்செஸ்டர் சுவருக்கு இதயம் ஒட்டத் தெரிந்த நமக்கு, நாலு வீடு தள்ளி இருக்கும் பிள்ளையின் கதவைத் தட்டத் தெரியவில்லை.

கதவைத் தட்டியது யார் தெரியுமா? அணித் தலைவன். ஒரு சிங்களப் பிள்ளை. ஞாயிறு பின்னேரம் இன்னும் இரண்டு பேரோடு கண்டியிலிருந்து பஸ் ஏறி வந்தான். ஒரு பை நிறைய மாலு பணிஸ். அதில் ஒருவன், அந்த உயர டெக்கலைப் போட்டவன், "மூணு புள்ளி குடுத்தது நான்" என்று அவனுடைய உம்மாவிடமே சொல்லியிருக்கிறான். உம்மாவுக்குச் சிங்களம் அவ்வளவு ஓடாது. விளங்கியதாம்.

ஃபாஸில் மரிஜா கண்டிக் கழகத்துக்கு ஃப்ளை ஹாஃப் ஆடி, அந்த அணிக்கும் இலங்கைக்கும் தலைவராக இருந்தபோது நித்தவெலவில் "எங்கட ஆள்" என்று நெஞ்சை நிமிர்த்தியவர்கள் நாம். கிங்ஸ்வூட்டில் படித்த பிள்ளை, எங்கள் ஊர்ப் பக்கம் என்று உறவு கண்டுபிடிக்காத ஆள் இல்லை. வெல்லும்போது "எங்கட ஆள்" என்றால், தவறும்போதும் "எங்கட ஆள்"தான். இதில் மட்டும் தவணை முறை கிடையாது.

கண்டியில் ரகர் நேற்று வந்த விளையாட்டும் இல்லை. 1906ல் கிங்ஸ்வூட்டும் ட்ரினிட்டியும் மோதிய காலத்திலிருந்து பாடசாலைப் பிள்ளைகள் ஆடுகிறார்கள். 1945ல் தொடங்கிய பிரட்பி கேடயத்தை எடுத்துக்கொள்ளுங்கள். ஒன்று கொழும்பில், ஒன்று கண்டியில், இரண்டு மெச்சின் புள்ளிகளையும் கூட்டித்தான் கேடயம். முதல் மெச்சின் பத்தாவது நிமிடத்தில் தவறிய கன்வர்ஷனும் இரண்டாவது மெச்சின் கடைசி நிமிடத்தில் தவறிய கன்வர்ஷனும் அந்தக் கூட்டலில் சரிசமம், ஒவ்வொன்றும் 2 புள்ளி. இது விளங்கியவன் கடைசிக் கிக்கை மட்டும் பிடித்துத் தொங்க மாட்டான்.

எங்கள் பங்கையும் சொல்ல வேண்டும். அந்தக் குழுவில் நாங்களும் இருந்தோம். சனி இரவு எல்லாவற்றையும் வாசித்தோம். ஒரு வார்த்தை எழுதவில்லை. கல்வியியற் கல்லூரியில் கல்வி உளவியலுக்கு நல்ல புள்ளி எடுத்தவர்கள், பிள்ளையைப் பலர் முன்னால் அவமானப்படுத்துவதன் விளைவு பற்றி நாலு பக்கம் எழுதியவர்கள், போனைக் கவிழ்த்து வைத்துவிட்டுத் தூங்கினோம். பெற்றோரோடு எதற்குப் பகை என்ற பயம்தான், வேறொன்றும் இல்லை. நேற்று ஜும்ஆவில் புறம் பேசுவதைப் பற்றிக் குத்பா. வெளியே வந்து செருப்புத் தேடும் இடத்திலேயே இரண்டு பேர் மறுபடி அந்தக் கிக்கைப் பற்றி ஆரம்பித்தார்கள். அப்போதுதான் இதை எழுதுவது என்று முடிவெடுத்தோம்.

அவன் இந்தக் கிழமை முழுக்கப் பயிற்சிக்குப் போகவில்லை. வாப்பா பூட்ஸைக் கழுவி, காயவைத்து, ஒரு பையில் போட்டு அலுமாரிக்கு மேலே வைத்துவிட்டாராம். "ஏ.எல். வருது சேர், போதும்" என்றார். ஏ.எல். வருவது சரிதான். ஆனால் போன மாதமும் ஏ.எல். வருவதாகத்தான் இருந்தது, அப்போது அவர் மெச்சுக்கு இரண்டு த்ரீவீல் பிடித்து ஆட்களை ஏற்றிக்கொண்டு போனார். பூட்ஸை மேலே ஏற்றியது பரீட்சை இல்லை, நாம். அவரைக் குறை சொல்ல எங்களுக்கு வாய் வரவில்லை.

வேண்டியது மூன்று காரியம். மீமைப் போட்டவர்கள் அழியுங்கள், குழுவில் எங்கே போட்டீர்களோ அங்கேயே ஒரு வரி வருத்தம் தெரிவியுங்கள். தனியாக வந்து எங்களிடம் சொல்ல வேண்டாம். அந்த வொய்ஸ் கட் நானா, நீங்கள் வீட்டுக்கே போங்கள். நீங்கள் அவனுக்குச் சின்ன வயதில் ஓதிக் கொடுத்தவர், உங்கள் குரலை அவனுக்குத் தெரியும்.

மூன்றாவது, ஞாயிறு பின்னேரம் நான்கு மணி, மழை இல்லாவிட்டால் நம் ஊர்க் கிரவுண்ட். வாப்பாவிடம் பேசிவிட்டோம், பை கீழே இறங்கிவிட்டது. மூன்று பந்து நாங்கள் கொண்டு வருகிறோம். அவன் வலது பக்க மூலையிலிருந்து மட்டும்தான் அடிக்கப் போகிறானாம், நாற்பது கிக். கம்பத்துக்குப் பின்னால் பற்றைக்காடு, பந்து பொறுக்கிக் கொடுக்க ஒரு ஆறு பேராவது வேண்டும். அட்டை இருக்கும், சவர்க்காரம் பூசிக்கொண்டு வாருங்கள்.